தொடர்ச்சிக் கொப்பி

முதல் பக்கத்தில் எழுதியிருக்கிறேன்:
காட்சி நாலு. தேத்தண்ணி கிளாஸ் முக்கால்வாசி.
மேல் பொத்தான் திறந்திருக்கு.
வெயில் இடப்பக்கம்.

விட்ட இடத்திலேயே மறுபடி தொடங்கவேண்டும்;
அதைக் குறித்துவைப்பது என் வேலை.
சம்பளம் இல்லை. மத்தியானச் சாப்பாடு உண்டு.
அதையும் ஒருநாள் கோட்டை வாசலில் மான் தின்றது,
பார்சலை முடித்துவிட்டுப்
பதினேழாம் காட்சியையும் தின்றது.
சூசைதாசன் சிரித்தார்:
"நல்ல எடிட்டர். அந்தக் காட்சி நீளம்தான்."

பாலையூற்றுக்காரர்.
இருபத்திரண்டு வருசம் கொழும்புப் படங்களில்
கதவு திறந்தார், பெட்டி தூக்கினார்,
"வாகனம் வந்திட்டுது ஐயா" என்றார்
இரண்டு மொழியில்.
பதினொரு தரம் செத்தார்,
எல்லாம் இடைவேளைக்கு முன்னால்.
ஒருதரம் செத்தபிறகு இருமல் வந்து
ஏச்சு வாங்கினார்.
இவர் செத்த காசில்தான் வீட்டுக்கு ஓடு போட்டது என்று
ஜெயசீலி அக்கா பகிடியாகச் சொல்வா.
பகிடியில்லாமலும் சொல்வா.

ஐம்பத்து நாலு வயதில்
ஓட்டோவை விற்று, அக்காவின் காப்பை அடகு வைத்து,
கிண்ணியா இர்ஃபாத்தின் கல்யாணவீட்டுக் கமராவோடு
எங்களை இறங்குதுறைக்குக் கூட்டிப்போனார்.
கதை என்ன என்று கேட்டோம்.

"ஒரு கந்தோர். பெரிய அதிகாரி.
முன்னால ஒருத்தர் அழுதுகொண்டிருக்கிறார்.
ஒரு பொடியன் தேத்தண்ணி கொண்டுவந்து வைக்கிறான்."
"பிறகு?"
"பொடியன் வெளியால போறான்.
நாங்கள் அவனுக்குப் பின்னால போறம்."
"அதிகாரி?"
"அவர் இருக்கட்டும்."

அவ்வளவுதான்.
பொடியன் கிளாஸ் கழுவ, தண்ணீர் லொறி வந்தது;
லொறிக்காரனோடு உவர்மலை ஏறினோம்.
அங்கே ஒரு படலையில் மீன் நிறுத்துக்கொண்டிருந்த
திருக்கடலூர்ப் புவிமலரோடு இறங்கினோம்.
"எங்க பார்க்கிறது?" என்று கேட்டாள் புவிமலர்.
"தராசைப் பாருங்கோ. எங்களைப் பார்த்தால்
நிறை பிழைச்சுப்போகும்."
அவளிடம் மிச்சக்காசு வாங்கியவனோடு
டச் பே மணலில் இருட்டும்வரை நடந்தோம்.
என் கொப்பி வெறுமையாகிக்கொண்டு வந்தது.
ஒருத்தரும் திரும்பி வராத படத்தில்
எந்தப் பொத்தானைக் குறித்துவைக்க?

மூன்றாம் கிழமை காசு முடிந்தது.
கொழும்பிலிருந்து போன்: ஒருநாள் வேலை, ஒரு சாவு.
இரவு பஸ்ஸில் போனார். அடுத்த இரவு வந்தார்,
காதுக்குப் பின்னால் கழுவாத சாயத்தோடு.
லைட் வாடகையை எண்ணிக் கொடுத்துவிட்டு
"பன்னிரண்டு" என்றார், வேறொன்றும் கதைக்கவில்லை.

உவர்மலையில் ஒரு மண்டபத்தில் படம் போட்டோம்.
வாடகைக் கதிரை அறுபது, ஆட்கள் நாற்பத்தொன்று.
கரண்ட் ஒருதரம் போய் வந்தது.
அதிகாரியாக நடித்த கணக்கு வாத்தியார்
ஆறாம் நிமிசத்துக்குப் பிறகு
தன் முகத்தைத் தேடித்தேடி
கடைசியில் எழும்பி நின்று கேட்டார்:
"தம்பி, எனக்கு என்ன நடந்தது?"
சூசைதாசன் இருட்டுக்குள்ளிருந்து சொன்னார்:
"அதுதான் மாஸ்டர்,
எனக்கும் ஒருத்தரும் சொல்லேல்லை."

போன மாதம் அந்தக் கொழும்புப் படம் டிவியில் போனது.
ஜீப்புக்குப் பக்கத்தில் விழுகிறார்.
கதாநாயகன் மேலே நின்று நெடுநேரம் பேசுகிறான்.
முழுக்க அவன் முகம்.
மூலையில், மங்கலாக,
ஒரு சின்னப் பையன் குனிந்து
செத்தவரின் செருப்பை எடுத்துக்கொண்டு போகிறான்.
பழக்கத்தில் கை கொப்பியைத் தேடியது:

செருப்பு ஒன்று. வலது கால்.
பையன் இடப்பக்கமாக வெளியேறினான்.

அவன் எங்கே போனான் என்று
படத்தில் இல்லை.
விடியப் போய் சூசைதாசனிடம் கேட்கவேண்டும்.